அம்மாவின் பஸ் திறக்காத நாட்கள்

அம்மா என்னிடம் வாய்விட்டுக் கேட்ட முதல் விளையாட்டுச் சாமான் ஒரு பஸ். அதைக் கேட்டபோது அவருக்கு ஐம்பது வயது தாண்டியிருந்தது. வலது கால் முழங்கால் வரை மாவுக்கட்டில் இருந்தது.

மழை விட்ட ஒரு முற்பகலில், தேயிலைக் கொழுந்து மூட்டையோடு நிறுக்கும் இடத்துக்கு இறங்கும்போது அம்மா மலையில் சறுக்கி விழுந்தார். கூட வேலை செய்தவர்கள் தூக்கிக்கொண்டுவந்து தோட்டத்து லொறியில் ஏற்றி, நுவரெலியா ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். கணுக்காலுக்கு மேலே எலும்பு முறிந்திருந்தது. காலைத் தரையில் ஊன்றவே கூடாது என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பினார்கள். நான் அப்போதுதான் கொழும்பிலிருந்து திரும்பி வந்திருந்தேன். நான் கணக்குப் பதிந்துகொண்டிருந்த சிறிய கம்பனி மூடப்பட்டுவிட்டது. அப்பா நான் சின்னவளாக இருந்தபோதே இறந்துவிட்டார். ஆக, வேலை நாளில் வீட்டில் இருந்தே பழக்கமில்லாத இரண்டு பெண்கள் ஒற்றை அறையான எங்கள் காம்பராவுக்குள் எதிரெதிரே உட்கார்ந்திருந்தோம்.

காலையில் மற்றவர்கள் வேலைக்குக் கிளம்பும் சத்தம் கேட்கும். வரிசை வீடுகளான எங்கள் லயத்தின் முன்னால் பேச்சும் சிரிப்பும் நகர்ந்து மேலே ஏறிப்போகும். அம்மா அதுவரை விழித்துக் கிடப்பார். சத்தம் அடங்கியதும் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வார். சாப்பிடச் சொன்னால் சாப்பிடுவார், கேட்டதற்குப் பதில் சொல்வார். அதற்கு மேல் ஒன்றும் இல்லை. நாள் முழுக்க வாய் ஓயாமல் பேசும் அம்மாவைத்தான் எனக்குத் தெரியும். இந்த அம்மாவை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை.

ஒருநாள் அவர் பக்கத்தில் உட்கார்ந்து ஃபோனில் ஏதோ பார்த்துக்கொண்டிருந்தேன். விரல் பட்டு ஒரு வீடியோ ஓடத் தொடங்கியது. மலைப் பாதையில் ஒரு பஸ் வளைந்து வளைந்து ஏறிக்கொண்டிருந்தது. ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் பள்ளம். அம்மா தலையைத் தூக்கிப் பார்த்தார்.

"இது எங்க? இறம்பொடப் பக்கமா?"

"இல்லம்மா. இது கேம். கம்பியூட்டர்ல வெளையாடுறது."

"யாரு ஓட்டுறாங்க?"

"எங்கயோ ஒரு ஆளு, அவரு வீட்ல ஒக்காந்து ஓட்டுறாரு."

அம்மா கொஞ்ச நேரம் பார்த்தார். பஸ் ஒரு வளைவில் எதிரே வந்த லொறிக்கு வழிவிட்டு ஓரம் கட்டியது.

"இதுக்குக் காலு வேணாமா?"

"வேணாம்மா. வெரலு போதும்."

"அப்ப நா ஓட்டலாமா?"

நான் ஃபோனிலிருந்து கண்ணை எடுத்து அவரைப் பார்த்தேன். வேடிக்கைக்குக் கேட்கவில்லை. பஸ்ஸில் தலவாக்கலை டவுனுக்குப் போகும்போதெல்லாம் அம்மா டிரைவருக்குப் பின்னால் உள்ள சீட்டைத்தான் தேடுவார். பின்னால் உட்கார்ந்தால் வாந்தி வரும், அதனால்தான் என்று நான் நினைத்திருந்தேன். டிரைவர் எந்த இடத்தில் கியரை மாற்றுகிறார் என்று பார்ப்பதற்குத்தான் அங்கே உட்காருவாராம். அன்றைக்குத்தான் எனக்கு அது தெரிந்தது.

என்னிடம் கொழும்பில் இருந்தபோது வாங்கிய பழைய லேப்டொப் ஒன்று இருந்தது. அந்த பஸ் விளையாட்டைச் செய்தவர்கள் வெளிநாட்டில் எங்கோ இருக்கும் மூன்று நண்பர்கள். பழைய கம்பியூட்டரிலும் ஓடும் என்று அவர்களுடைய பக்கத்தில் எழுதியிருந்தார்கள். ஆனால் அதை இறக்கி எடுக்க எங்கள் காம்பராவுக்குள் சிக்னல் போதாது. லயத்துக்கு மேலே, தண்ணீர்த் தாங்கி இருக்கும் வளைவில்தான் கிடைக்கும். குடையைப் பிடித்துக்கொண்டு, லேப்டொப்பை மடியில் வைத்துக்கொண்டு ஒரு கல்லில் உட்கார்ந்திருந்தேன். மேகம் இறங்கி என்னையும் தாங்கியையும் மூடிவிட்டுப் போனது. விளையாட்டு பாதிவரை இறங்கி அறுந்துபோனது. அடுத்த நாள் மறுபடி போய்த்தான் முழுவதையும் எடுத்தேன்.

வீட்டுக்கு வந்து பார்த்தால் அம்மா தலை வாரி, முகம் கழுவி, கட்டுப் போட்ட காலைத் தலையணை மேல் நீட்டி உட்கார்ந்திருந்தார். ஏதோ பயணம் போகத் தயாரானவர் மாதிரி. ஸ்டூலை இழுத்துப் போட்டு லேப்டொப்பை அவர் முன்னால் வைத்தேன். விளையாட்டின் படத்தின் மேல் இரண்டு தரம் தட்டினேன். திரை கறுத்தது. அடுத்த நொடி கறுப்பு மறைந்து, எப்போதும் இருக்கும் நீலத் திரை திரும்பி வந்துவிட்டது.

"என்னாச்சு?"

"தெறக்கலம்மா."

"மறுக்கா தட்டு."

தட்டினேன். கறுத்தது, மறைந்தது. அவ்வளவுதான். பிழை என்று ஏதாவது எழுதிக் காட்டியிருந்தால் அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு தேடியிருக்கலாம். இது ஒன்றும் சொல்லாமல் போய்விடுகிறது. லேப்டொப்பை அணைத்துப் போட்டேன். விளையாட்டை அழித்துவிட்டுத் திரும்பவும் ஏற்றினேன். வைரஸ் காவலை நிறுத்திவைத்துப் பார்த்தேன். எல்லாவற்றுக்கும் அதே கறுப்பு, அதே நீலம்.

அடுத்து வந்த நாட்களில் என் காலை நேரம் தண்ணீர்த் தாங்கிக்குப் பக்கத்தில் கழிந்தது. இதே மாதிரி விளையாட்டுகள் திறக்காமல் தவித்தவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள் என்று அங்கேதான் கண்டுகொண்டேன். ஒருவர் ஒரு கோப்பு குறைகிறது, அதைப் போடு என்பார். போட்டேன். இன்னொருவர் திரைக்குப் படம் அனுப்பும் டிரைவர் என்கிற மென்பொருள் பழசாக இருக்கும், புதுசு போடு என்பார்.

"டிரைவர மாத்தணுமாம், அம்மா," என்று வந்து சொன்னேன்.

"டிரைவர் நாந்தானே! என்னைய ஏன் மாத்தணும்?" என்றார் அம்மா. விழுந்ததற்குப் பிறகு அன்றுதான் அவர் சிரித்தார்.

புது டிரைவரும் வந்தது. பஸ் வரவில்லை.

பக்கத்துக் காம்பராவில் ஓர் அக்கா இருந்தார். அம்மாவோடு ஒரே கூட்டத்தில் கொழுந்து எடுப்பவர். வேலை முடிந்து வரும்போது தினமும் எட்டிப் பார்ப்பார். அவரிடம் அம்மா விஷயத்தைச் சொல்லிவிட்டார். அது போதும். மறுநாள் லயம் முழுக்கத் தெரிந்துவிட்டது. தண்ணி பிடிக்கப் பைப்படிக்குப் போனால், "என்னா புள்ள, அம்மா பஸ்ஸு வந்திருச்சா?" என்பார்கள். சிலர் அன்பாகக் கேட்டார்கள். சிலர் கேட்டதில் ஒரு குத்தல் இருந்தது. "இந்த வயசுல வெளையாட்டு கேக்குதா அவங்களுக்கு?" என்று ஒருவர் என் காதுபடவே சொன்னார். நான் அதை அம்மாவிடம் சொல்லவில்லை. ஆனால் சுவர்கள் மெல்லியவை, அவருக்கே கேட்டிருக்கும்.

அதே நாட்களில் நான் வேலைக்கும் விண்ணப்பித்துக்கொண்டிருந்தேன். அந்தக் கல்லில் உட்கார்ந்தே மின்னஞ்சல் அனுப்புவேன். ஒருவரும் வேண்டாம் என்றுகூடச் சொல்லவில்லை. ஒரு நாள் மழையில் நனைந்து திரும்பி, அந்த நாளுக்கான முயற்சியும் தோற்றபின், லேப்டொப்பை மூடி வைத்துவிட்டேன்.

"விடுங்கம்மா. இது ஆகாது. இந்த லேப்டொப்புக்கு வயசாயிருச்சு."

அம்மா என் தலையைத் துடைக்கத் துவாயை நீட்டினார். "வயசாயிருச்சுன்னு எப்புடித் தெரியும்? வேற ஆருகிட்டயாச்சும் காட்டினியா? என் காலக்கூட ஒரு டாக்டர் சும்மா சுளுக்குன்னாரு. இன்னொருத்தரு படம் புடிச்சுப் பாத்துத்தானே ஒடஞ்சிருக்குன்னாரு."

அடுத்த நாள் லேப்டொப்பை ஒரு பொலித்தீன் பையில் சுற்றி எடுத்துக்கொண்டு தலவாக்கலைக்கு பஸ் ஏறினேன்.

டவுனில் ஃபோன், கம்பியூட்டர் திருத்தும் சின்னக் கடை ஒன்று இருக்கிறது. அங்கே இருப்பவர் சிங்கள இளைஞர். என்னை விட இரண்டொரு வயது கூட இருக்கலாம். பாதி சிங்களமும் பாதி தமிழுமாகப் பேசுவார். நானும் அப்படித்தான் பேசுவேன். யாருக்கு விளையாட்டு என்று கேட்டார். அம்மாவுக்கு என்றேன். சிரிப்பார் என்று நினைத்தேன். அவர் சிரிக்கவில்லை. தன் அம்மா நாள் முழுக்க நாடகம் பார்க்கிறார், இது எவ்வளவோ பரவாயில்லை என்றார். விளையாட்டை என் லேப்டொப்பிலிருந்து எடுத்து முதலில் தன் கம்பியூட்டரில் போட்டார்.

பஸ் வந்தது. சிவப்பு நிற பஸ். மலை உச்சியில் ஒரு தரிப்பிடத்தில், வைப்பர் ஆட, மழையில் நின்றுகொண்டிருந்தது. இத்தனை நாளும் பார்க்கக் கிடைக்காததை அவர் கடையில் நின்று பார்த்தேன்.

பிறகு என் லேப்டொப்பைத் திறந்து சூட்டைப் பார்த்தார், நினைவகத்தைப் பார்த்தார். "நங்கி, லேப்டொப் நல்லம். கேமும் நல்லம். ரெண்டும் சேந்தாத்தான் சரியில்ல," என்றார். தங்கச்சியைச் சிங்களத்தில் நங்கி என்பார்கள். எல்லாவற்றையும் அழித்துவிட்டு முதலிலிருந்து ஏற்றினால் சரிவரலாம், ஆனால் உள்ளே இருப்பதெல்லாம் போய்விடும் என்றார். என் சான்றிதழ்களும் விண்ணப்பங்களும் அதற்குள்தான் இருந்தன. அதனால் பிறகு வருகிறேன் என்றேன். கிளம்பும்போது அவர் சிங்களத்தில் இன்னொன்றும் சொன்னார். அம்மா விளையாடப் போகிறார் என்றால் லேப்டொப்பில் அவருக்கென்று தனிக் கணக்கு ஒன்றைத் திறந்து கொடு, தெரியாமல் உன்னுடைய வேலைக் கோப்புகளை அழித்துவிடப் போகிறார் என்று.

அது சரியான யோசனையாகப் பட்டது. விளையாட்டு திறக்கிறதோ இல்லையோ, அம்மா ஃபோட்டோவாவது பார்க்கட்டும் என்று, மறுநாள் மத்தியானம் லேப்டொப்பில் அவருக்கென ஒரு கணக்கைத் திறந்தேன். பெயர் கேட்டது. அம்மாவின் அடையாள அட்டை அப்போது ஆஸ்பத்திரிக் காகிதங்களோடு மேசையில் கிடந்தது. அதில் உள்ளபடியே ஆங்கிலத்தில் தட்டினேன்.

புதுக் கணக்குக்குள் போனதும், பழக்க தோஷத்தில் பஸ் படத்தின் மேல் தட்டினேன். எந்த எதிர்பார்ப்பும் இல்லை. அடுப்பில் பருப்பு வைத்திருந்ததால் எழுந்து அந்தப் பக்கம் போய்விட்டேன்.

"புள்ள! புள்ள!" என்று அம்மா கத்தினார். காலில்தான் ஏதோ ஆகிவிட்டது என்று ஓடி வந்தேன். அவர் கை திரையைக் காட்டியது. சிவப்பு பஸ் மழையில் நின்றது. எஞ்சின் உறுமும் சத்தம் காம்பரா முழுக்கக் கேட்டது.

"வந்திருச்சு," என்றார் மெதுவாக. உரக்கச் சொன்னால் போய்விடும் என்பது போல.

எந்த விசையை அழுத்தினால் பஸ் முன்னால் போகும், எது பிரேக் என்று காட்டினேன். அம்மா விரலை வைத்தார். பஸ் துள்ளிக் கிளம்பியது, தரிப்பிடத்துப் பலகையை இடித்தது, பாதையைக் குறுக்கே கடந்தது, நேரே பள்ளத்துக்குள் போனது. அம்மா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார்.

"அய்யய்யோ, ஆளுங்க இருந்தாங்களா உள்ளுக்கு?"

"இல்லம்மா, இன்னும் யாரும் ஏறல."

"நல்லவேள. திரும்ப எடு."

திரும்ப எடுத்தோம். அன்று பின்னேரம் வரை திரும்பத் திரும்ப எடுத்தோம். பருப்பு அடிப்பிடித்துக் கருகியது. இருவரும் அதைப் பொருட்படுத்தவில்லை.

ஆனால் எனக்கு ஒரு கேள்வி அரித்துக்கொண்டே இருந்தது. அதே லேப்டொப், அதே விளையாட்டு. அம்மாவின் கணக்கில் திறக்கிறது, என் கணக்கில் திறக்கவில்லை. அம்மா தூங்கும் நேரத்தில் ஒவ்வொன்றாக ஒப்பிட்டுப் பார்த்தேன். கடைசியில் ஒரே ஒரு வித்தியாசம்தான் மிஞ்சியது. கொழும்பில் லேப்டொப்பை வாங்கிய அன்று பெயர் கேட்டபோது, நான் ஆசையாக என் பெயரைத் தமிழில் தட்டியிருந்தேன். ஆங்கிலத்திலும் சிங்களத்திலும் மட்டும் பெயர் எழுதும் அலுவலகத்தில் இருந்துகொண்டு, என் பொருளிலாவது என் எழுத்து இருக்கட்டும் என்று.

உறுதிப்படுத்த, தமிழில் இன்னொரு கணக்கைத் திறந்தேன். பஸ் வரவில்லை. ஆங்கிலத்தில் ஒன்று திறந்தேன், வந்தது. என் கணக்கின் பெயரை மட்டும் ஆங்கிலத்துக்கு மாற்றிப் பார்த்தேன். அப்போதும் வரவில்லை. மேலே தெரியும் பெயர்தான் மாறுகிறது, உள்ளே உள்ள கோப்புறை பழைய தமிழ்ப் பெயரிலேயே கிடக்கிறது என்பது பிறகுதான் புரிந்தது. அந்தக் கோப்புறைக்குள் தன் கணக்கு வழக்கை எழுதிவைக்க விளையாட்டு முயல்கிறது. தமிழ் எழுத்தைப் படிக்கத் தெரியாமல், போக வழியில்லாமல், சத்தமில்லாமல் செத்துப்போகிறது.

அம்மாவிடம் சொன்னபோது அவர் முதலில் நம்பவில்லை.

"ஒம் பேர அதுக்குப் படிக்கத் தெரியலயா?"

"தெரியலம்மா. ஒங்க பேரு இங்கிலீசுல இருக்குறதால தெறக்குது."

"அது எம் பேரே இல்லியே," என்றார் அம்மா.

உண்மைதான். அம்மா பிறந்தபோது பதிந்தவருக்குத் தமிழ் தெரியாது. நடுவில் ஓர் எழுத்தை மாற்றி எழுதிவிட்டார். அடையாள அட்டையிலும் தோட்டத்துச் செக்ரோல் என்ற சம்பளப் பதிவேட்டிலும் அந்தப் பெயர்தான் அம்மாவோடு வந்துகொண்டிருக்கிறது. எங்கள் லயத்தில் இப்படி இரண்டு பெயர் உள்ளவர்கள் நிறையப் பேர். யாரும் அதைப் பெரிதாகப் பேசுவதில்லை. கூப்பிடும் பெயர் ஒன்று, எழுதும் பெயர் ஒன்று.

"அந்தக் கேம செஞ்சவங்களோட ஒனக்குப் பேச முடியுமா?" என்று அம்மா கேட்டார்.

"எழுதலாம்."

"அப்ப எழுது. ஏசாத, தன்மையா எழுது. அவங்களுக்குத் தெரிஞ்சிருக்காது, பாவம்."

தண்ணீர்த் தாங்கி வளைவில் உட்கார்ந்து ஆங்கிலத்தில் எழுதினேன். என்ன நடந்தது, எதையெல்லாம் முயன்றேன், எந்தக் கணக்கில் திறந்தது, எதில் திறக்கவில்லை என்று எல்லாவற்றையும் வரிசையாக எழுதினேன். எங்கள் நாட்டில் சொந்தக் கம்பியூட்டரில் சொந்த எழுத்தில் பெயர் வைப்பவர்கள் இருக்கிறார்கள் என்றும் எழுதினேன். வேலை விண்ணப்பங்களுக்கே பதில் இல்லை, இதற்கா வரப்போகிறது என்று நினைத்தேன். அந்த வாரம் முடிவதற்குள் வந்துவிட்டது. மூவரில் ஒரு பெண் எழுதியிருந்தார். தங்கள் எழுத்தில் பெயருள்ள கம்பியூட்டர்களில் மட்டுமே சோதித்துப் பார்த்திருக்கிறார்கள், வெட்கமாக இருக்கிறது, திருத்துகிறோம் என்றார். திருத்தியதைச் சோதித்துத் தர முடியுமா என்றும் கேட்டிருந்தார்.

முதலில் அனுப்பியது வேலை செய்யவில்லை. அதையும் தன்மையாக எழுதி அனுப்பினேன். இரண்டாவது தரம் அனுப்பியதில் என் கணக்கில் பஸ் வந்தது. அன்று அம்மா, தனக்கும் தமிழில் ஒரு கணக்கு வேண்டும், பெயரைத் தானே தட்டுவேன் என்றார். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவர். விசைகளில் எழுத்தைத் தேடித் தேடி, மெய்யெழுத்துக்குப் புள்ளி எங்கே என்று கேட்டு, தன் பெயரை முழுதாகத் தட்டி முடித்தார். நடுவில் மாறிப்போன அந்த எழுத்து அன்று சரியாக இருந்தது. திரையைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "சரி, எடு வண்டிய," என்றார்.

அதற்குப் பிறகு ஒரு நேர்முகத் தேர்வுக்கு அழைப்பு வந்தது. கம்பியூட்டர் பிரச்சினைகளோடு கூப்பிடும் வாடிக்கையாளர்களுக்குத் தமிழில் பதில் சொல்லும் வேலை. வீட்டிலிருந்தே செய்யலாம். நீங்கள் தீர்த்துவைத்த பிரச்சினை ஒன்றைச் சொல்லுங்கள் என்று கேட்டார்கள். கொழும்பு அலுவலகத்தைப் பற்றிச் சொல்ல ஒன்றைத் தயார் செய்து வைத்திருந்தேன். வாய் திறந்தபோது அம்மாவின் பஸ்தான் வந்தது. கேட்டுக்கொண்டிருந்த அம்மையார் இடையில் நிறுத்தி, "இப்ப அம்மாவோட காலு எப்படி?" என்றார். வேலை கிடைத்தது. காம்பராக் கூரையோடு சேர்த்து ஒரு நீளக் குழாயை நட்டு, சிக்னலுக்காக உச்சியில் அன்டெனாவைக் கட்டினோம். இப்போது மேகம் கனத்த நாளில் மட்டும்தான் தாங்கிப் பக்கம் ஓட வேண்டியிருக்கிறது.

கட்டுப் பிரித்தாகிவிட்டது. அம்மா கம்பு ஊன்றி நடக்கிறார். மலை ஏறி இறங்கக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டதால், தோட்டத்துப் புள்ளக்காம்பராவில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலைக்குக் கேட்டிருக்கிறார். அடுத்த மாதம் வரச் சொல்லியிருக்கிறார்கள்.

போன ஞாயிறு பக்கத்துக் காம்பரா அக்கா வந்து வாசலில் நின்று தயங்கினார். என்னவென்று கேட்டேன்.

"ஒங்கம்மா மட்டுந்தான் ஓட்டணுமா? எனக்கும் ஒரு கணக்குத் தொறந்து தா புள்ள."

தமிழிலா இங்கிலீசிலா என்று கேட்டேன். எது ஓடுமோ அது என்றார். இரண்டும் ஓடும் என்றேன். தமிழில் வைக்கச் சொன்னார். ஈரக் கையை முந்தானையில் துடைத்துவிட்டு ஸ்டூல் முன்னால் உட்கார்ந்தார். அம்மா பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். பஸ் தரிப்பிடத்தை விட்டு நகர்ந்து இறக்கத்தில் வேகம் பிடித்தது. நான் அடுப்பில் தேத்தண்ணிக்குக் கேத்தலை வைத்தேன். அம்மாவின் குரல் லயம் முழுக்கக் கேட்டது.

"பிரேக்கு, பிரேக்கப் புடி! வளைவு வருது பாரு! எங்க பாக்குற, முன்னுக்குப் பாரு!"